கடலில் கிடந்த வின்ச்சைத் திரும்பச் சுழல வைத்த கதை: ஸாந்தோ என்ற நீராவிக் கப்பலைப் பின்பற்றி ஒரு வேலை

கடல் தண்ணீரில் வருடக்கணக்கில் கிடந்த இரும்புச் சாமான் ஒன்று கைக்கு வந்தால் அதை வெயிலில் காயப் போடாதீர்கள், சுத்தியலால் தட்டாதீர்கள். எல்லாரும் முதலில் செய்வது இந்த இரண்டையும்தான். எடுத்த அன்று கல்லு மாதிரி உறுதியாகத் தெரியும் சாமான் சில மாதத்தில் அடுக்கடுக்காக உரிந்து, ஒரு நாள் கையில் எடுத்தால் இரண்டாகப் பிளந்து நிற்கும்.

காரணம் உப்பு. இரும்பு அரிக்கும்போது அதன் மேல் சுண்ணாம்பும் மணலும் சிப்பியும் கொட்டலசும் துருவோடு சேர்ந்து ஓடு கட்டுகிறது. அந்த ஓட்டுக்கு அடியில் கடலிலிருந்து உப்பில் உள்ள குளோரைடு போய்ச் சேர்ந்துகொண்டே இருக்கும், உள்ளே அமிலத்தன்மையும் கூடும். தண்ணீருக்குள் இருக்கும்வரை ஆக்ஸிஜன் குறைவாகத்தான் போய்ச் சேரும், அரிப்பு மெதுவாக நடக்கும். வெளியே எடுத்துக் காயவிட்டவுடன் காற்று புகுந்து எல்லாம் வேகம் பிடிக்கிறது. மேல்பரப்பில் பழுப்பு நிறத்தில் துளித் துளியாக வியர்த்தால் உள்ளே உப்பு இன்னும் வேலை செய்கிறது என்று அர்த்தம்.

என்னிடம் வந்தது பெரியப்பாவின் தோணியில் இருந்த கை வின்ச், அதாவது கையால் சுற்றிக் கயிற்றை இழுக்கிற பொறி. தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்குச் சரக்கு ஏற்றிப் போன பாய்மரத் தோணி அது. தோணியைப் பிரித்துப் பலகையை விற்ற பிறகு வின்ச் மட்டும் துறைக்குப் பக்கத்துச் சேற்றில் அப்படியே கிடந்துவிட்டது. ஓதம் ஏறினால் முழுகும், வற்றினாலும் ஈரம் போகாது. பெரிய பல்சக்கரம் ஒன்று, சின்னது ஒன்று, நடுவில் கயிறு சுற்றும் உருளை, எஃகு ஷாஃப்ட், அது உள்ளே சுழலும் பித்தளை வளையமான புஷ். பலாப்பழத் தோல் போல மேலெல்லாம் முண்டு முண்டாக ஓடு. இது திரும்பச் சுற்ற வேண்டும் என்பதுதான் என் ஆசை. கண்ணாடிப் பெட்டியில் வைத்துப் பார்ப்பதற்கு இல்லை, கைப்பிடியைப் போட்டால் சக்கரம் நகர வேண்டும்.

இப்படி ஒரு காரியம் ஆகுமா என்று தேடியபோதுதான் ஸாந்தோவின் எஞ்சினைப் பற்றித் தெரிந்தது. மேற்கு ஆஸ்திரேலியாவில் நூறு வருடத்துக்கு மேல் கடலடியில் கிடந்த கப்பல் எஞ்சினை முழுசாக மேலே கொண்டுவந்து, ஏறத்தாழ இருபது வருடம் பாடுபட்டு, கையால் சுற்றும் அளவுக்குக் கொண்டுவந்திருக்கிறார்கள். டன் கணக்கில் எடை உள்ள எஞ்சினுக்கு முடிந்தது ஒரு வின்ச்சுக்கு ஏன் முடியாது? அதனால் வேலையை ஆரம்பிக்கும் முன் அந்தக் கப்பலின் கதையைத் துருவித் துருவிப் படித்தேன், அந்தக் கதையே எனக்குப் பெரிய ஈர்ப்பாகிவிட்டது.

ஸாந்தோ 1848-இல் ஸ்காட்லாந்தின் டம்பார்ட்டனில் டென்னி குடும்பத்தார் கட்டிய இரும்புக் கப்பல். பிறக்கும்போது அது பக்கவாட்டில் துடுப்புச் சக்கரம் வைத்த நீராவிக் கப்பல், உதவிக்குப் பாயும் உண்டு. ஆன்ஸ்ட்ருதரிலிருந்து ஃபோர்த் கழிமுகத்தைக் கடந்து லீத் போய் வருகிற சேவை, அப்புறம் பிரிட்டன் கரையோரத்தில் அங்கும் இங்கும் ஓட்டம். இருபத்துமூன்று வருடம் உழைத்த பிறகு 1871-இல் கிளாஸ்கோவைச் சேர்ந்த ராபர்ட் ஸ்டூவர்ட் என்ற பழைய உலோக வியாபாரி கைக்கு வந்தது. சாதாரணமாக அந்த இடத்தில் ஒரு கப்பலின் ஆயுள் முடிந்திருக்கும். ஸ்டூவர்ட் அதை உடைக்கவில்லை. துடுப்புச் சக்கரத்தையும் பழைய எஞ்சினையும் கழற்றிவிட்டு, பின்பக்கம் சுழலி (புரொபெல்லர்) வைத்து, 1861-இல் செய்யப்பட்ட பழைய போர்ப்படகு எஞ்சின் ஒன்றை உள்ளே இறக்கினார்.

அந்த எஞ்சின் லண்டனுக்குப் பக்கத்து கிரீனிச்சில் ஜான் பென் அண்ட் சன்ஸ் செய்தது. கிரிமியப் போர் சமயத்தில் பிரிட்டிஷ் கடற்படைக்குச் சின்னச் சின்ன பீரங்கிப் படகுகள் அவசரமாக, நிறைய வேண்டியிருந்தன. அதற்காக உருவான வகை. இரண்டு சிலிண்டர், படுக்கை வசத்தில். பிஸ்டனுக்கு நடுவில் அகலமான ஒரு குழாய் இருக்கும், அது சிலிண்டரின் இரண்டு பக்கமும் வெளியே நீட்டி நிற்கும். பிஸ்டனின் ஓட்டத்தைச் சுழல் தண்டுக்குக் கடத்தும் கனெக்டிங் ராடு அந்தக் குழாய்க்குள்ளேயே பிஸ்டனோடு மாட்டப்பட்டிருக்கும். பிஸ்டன் ராடு, கிராஸ்ஹெட் என்று தனியாக நீளம் எடுத்துக்கொள்ளும் எதுவும் கிடையாது. அதனால் மொத்த எஞ்சினும் குறுகலான படகுக்குள் குறுக்காக அடங்கிவிடும், நீர்மட்டத்துக்குக் கீழேயே இருக்கும், எதிரியின் குண்டு படாது. இன்னொரு விசேஷம் மரை: விட்வொர்த் என்ற பொது அளவில் எல்லா மரையும் ஒரே சீராக வெட்டப்பட்டதால் பாகங்களைப் பல பட்டறைகளில் செய்து ஓரிடத்தில் பூட்ட முடிந்தது. மொத்தமாக உற்பத்தி செய்யப்பட்ட முதல் கப்பல் எஞ்சின்கள் இவைதான் என்று சொல்வார்கள்.

போருக்கு ஏற்ற எஞ்சின், ஆனால் வியாபாரத்துக்கு ஆகாதது. அந்த அகலமான குழாய் ஒவ்வொரு அடிக்கும் வெளியே போய்க் குளிர்ந்து உள்ளே வருவதால் நீராவி வீணாகும். இவ்வளவு பெரிய விட்டத்தில் நீராவி கசியாமல் அடைக்கும் பேக்கிங் இறுக்கமாக நிற்பதும் கஷ்டம். நிலக்கரியை நிறையத் தின்னும். கடற்படையில் நிலக்கரிக்கும் மெக்கானிக்குக்கும் பஞ்சமில்லை. இந்தக் கப்பலை வாங்கிய சார்ல்ஸ் எட்வர்ட் பிராட்ஹர்ஸ்ட் அதைக் கொண்டுபோன மேற்கு ஆஸ்திரேலியக் கரையில் எஞ்சின் பட்டறை இல்லை, நிலக்கரி இல்லை, நல்ல தண்ணீரே அருமை. இருபத்துமூன்று வயது உடம்பும் பத்து வயது எஞ்சினும் சேர்ந்த கப்பலை உலகத்தின் அந்தக் கோடிக்குக் கொண்டுபோனது துணிச்சல் என்பதைவிடக் கணக்குப் பார்க்காத அவசரம் என்றே எனக்குப் படுகிறது.

பிராட்ஹர்ஸ்ட்டின் தொழில் முத்துச்சிப்பி. வடமேற்குக் கரைக்கு ஆட்களையும் சாமானையும் ஏற்றிப் போவது, சிப்பியைக் கொண்டு வருவது, நடுவில் கிடைத்த சரக்கையெல்லாம் ஏற்றுவது. அந்தச் சிப்பித் தொழில் பழங்குடி மக்களை வற்புறுத்தி மூழ்க வைத்து நடந்த தொழில். பிறகு டச்சுக் கிழக்கிந்தியத் தீவுகளிலிருந்து மலாய்க்காரர்களை, அதில் சிறுவர்களையும், இந்தக் கப்பலில் கொண்டுவந்தார். பழங்குடிக் கைதிகளையும் ஸாந்தோ ஏற்றிப் போயிருக்கிறது. எஞ்சினின் அழகைப் பற்றிப் பேசும்போது இதைச் சொல்லாமல் விட எனக்கு மனசு வரவில்லை.

1872 நவம்பரில் முடிந்தது. ஜெரால்ட்டனுக்கு வடக்கே போர்ட் கிரெகரி என்று ஒரு சின்னத் துறை. ஜெரால்டைன் சுரங்கப் பக்கத்து ஈயத் தாது அங்கிருந்துதான் கப்பலேறும். தேய்ந்துபோன உடம்பில் ஈயத் தாதை ஏற்றினார்கள். ஈயத் தாது இடத்தை அடைக்காது, எடைதான். புறப்பட்ட கப்பலுக்குள் தண்ணீர் புகுந்தது, திரும்பத் துறைக்குள் வந்தது, மணல்திட்டில் மோதி ஆழம் குறைந்த தண்ணீரில் உட்கார்ந்துவிட்டது. மேற்கு ஆஸ்திரேலியாவுக்கு வந்து ஒரு வருடம்கூட ஓடவில்லை.

சரி, என் வேலைக்கு வருகிறேன்.

1979-இல் கப்பல் கிடக்கும் இடம் தெரிந்த பிறகு மேற்கு ஆஸ்திரேலியக் கடல்சார் அருங்காட்சியகத்தைச் சேர்ந்த மைக் மெக்கார்த்தி அகழாய்வை நடத்தினார். எனக்கு மிகவும் பிடித்த பகுதி அவரோடு வேலை செய்த வேதியியலாளர் இயன் மெக்லியோட் செய்தது. எஞ்சினைத் தூக்கும் முன் கடலுக்கடியிலேயே ஓட்டில் சின்னத் துளை போட்டு, உள்ளே எவ்வளவு அமிலத்தன்மை, இரும்பின் மின்னழுத்தம் என்ன என்று இடம் இடமாக அளந்தார். எஞ்சின் இன்னும் அரித்துக்கொண்டிருக்கிறது என்பது தெரிந்ததும், தன்னை அரிக்கக் கொடுத்து இரும்பைக் காப்பாற்றும் உலோகக் கட்டிகளைக் கம்பி வழியாக எஞ்சினோடு இணைத்துக் கடலடியிலேயே விட்டுவைத்தார்கள். அதாவது சிகிச்சை கடலுக்குள்ளேயே தொடங்கிவிட்டது. 1985-இல்தான் மேலே தூக்கினார்கள்.

இதை அப்படியே நானும் செய்தேன். நம்ம விசைப்படகுகளின் அடியில் துருப்பிடிக்காமல் இருக்க ஜிங்க் கட்டி மாட்டுவார்கள் இல்லையா, துறைமுகச் சாமான் கடையில் கிடைக்கும், அதில் இரண்டு வாங்கினேன். வின்ச்சின் சட்டத்தில் ஒரு ரூபாய் நாணயம் அளவுக்கு ஓட்டைச் சுரண்டி, பளிச்சென்று உலோகம் தெரிந்த இடத்தில் கிளாம்ப் போட்டு, தடித்த செப்புக் கம்பியால் இணைத்தேன். கிளாம்ப் இருக்கும் இடத்தை எபாக்ஸியால் மூடிவிட வேண்டும், இல்லாவிட்டால் செம்பும் இரும்பும் சேர்கிற இடமே அரிக்கும். இணைக்கும் முன் மல்டிமீட்டரில் ஜிங்க்குக்கும் வின்ச்சுக்கும் நடுவே சுமார் 0.4 வோல்ட் காட்டியது. கடல் தண்ணீரில் அரித்துக்கொண்டிருக்கும் இரும்புக்கு இது எதிர்பார்க்கிற அளவுதான். அடுத்த ஓதங்களில் போய்க் கம்பியைக் கழற்றி உடனே அளந்தால் அந்த வித்தியாசம் குறைந்துகொண்டே வந்தது. இரும்பு ஜிங்க்கின் பக்கம் இழுக்கப்பட்டுவிட்டது, அரிப்பு அடங்குகிறது என்று பொருள். பெரியப்பா மகன் அண்ணன், "தம்பி, சேத்துக்குள்ள கெடக்க இரும்புக்கு எதுக்குடா நாடி பிடிக்க?" என்று கேட்டார். அளக்காமல் வேறு எப்படித் தெரியும்?

மழைக்காலம் முழுக்க அப்படியே விட்டு, பிறகு தூக்கினோம். தூக்கியவுடன் ஈரச் சாக்கைச் சுற்றி, கடல் தண்ணீரை ஊற்றிக்கொண்டே டெம்போவில் கொண்டுவந்து, நேராகத் தொட்டியில் இறக்கினோம். நடுவில் காய ஒரு நிமிடம்கூட விடவில்லை.

தொட்டி என்பது பிளாஸ்டிக் டிரம்தான், மேலே அறுத்தது. உள்ளே காஸ்டிக் சோடா கரைசல், லிட்டருக்கு 20 கிராம் கணக்கு. சலவைச் சோடா போதும் என்று நிறையப் பேர் சொல்வார்கள், சின்னச் சாமானுக்கு அது சரிதான். ஆனால் காஸ்டிக் சோடாவில் காரத்தன்மை அதிகம், அந்தக் காரத்தில் மின்சாரம் இல்லாத நேரத்திலும் இரும்பு பெரும்பாலும் அரிக்காது. கரண்ட் போகிற ஊரில் இது முக்கியம். ஸாந்தோ எஞ்சினையும் காஸ்டிக் கரைசல் தொட்டியில் வைத்துத்தான், மின்சாரம் பாய்ச்சி உப்பை வெளியேற்றும் மின்னாற்பகுப்பு செய்தார்கள். கரைக்கும்போது தண்ணீரில் சோடாவைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட வேண்டும், சோடா மேல் தண்ணீரை ஊற்றினால் கொதித்துத் தெறிக்கும். ரப்பர் கையுறையும் கண்ணாடியும் இல்லாமல் கிட்டே போகக் கூடாது.

டிரம்மின் உட்சுவரை ஒட்டி எம்.எஸ். (மைல்டு ஸ்டீல்) தகட்டை வளைத்து வைத்து அதில் பாசிட்டிவ், வின்ச்சில் நெகட்டிவ். மாற்றிக் கொடுத்தால் கரைவது வின்ச். தகட்டுக்கு ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் வேண்டவே வேண்டாம், குரோமியம் கரைந்து விஷமாகும். தண்ணீரில் உப்பும் போடக் கூடாது, குளோரின் வாயு வரும். வின்ச்சிலிருந்து வருவது ஹைட்ரஜன் குமிழி. அதனால் தொட்டியைத் திறந்த கொட்டகையில் வைத்தேன், மூடி போடவில்லை, பக்கத்தில் வெல்டிங் கிடையாது, பீடியும் கிடையாது.

மின்சாரத்தைக் கூட்டினால் சீக்கிரம் முடியும் என்று தோன்றும். ஓடு கழல்வது சீக்கிரம் ஆகும், உண்மை. ஆனால் நமக்குத் தேவை உள்ளே இருக்கும் குளோரைடு வெளியே வருவது, அது இரும்பின் நுண்துளைகள் வழியாக ஊர்ந்து வர வேண்டியது, அதை அவசரப்படுத்த முடியாது. குமிழி வேகமாக வந்தால் அதற்குள் வார்ப்பிரும்பின் மேல்தோல் பிய்ந்து போகும்.

இந்த மேல்தோல் விஷயத்தைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். வார்ப்பிரும்பில் கார்பன் கிராஃபைட்டாகச் செதில் செதிலாக இருக்கிறது. கடல் தண்ணீர் இரும்பைத் தின்றுவிட்டுக் கிராஃபைட்டை அப்படியே விட்டுவிடும். அதனால் சக்கரத்தின் பல், எழுத்து, விளிம்பு எல்லாம் அசல் வடிவத்திலேயே நிற்கும், ஆனால் அது உலோகம் இல்லை, நகத்தால் கீறினால் கீறும். என் வின்ச்சின் பெரிய சக்கரத்தில் ஓடு தானாகக் கழன்ற இடத்தில் விரலை வைத்துத் தடவினேன், விரல் நுனி பென்சில் தூள் பட்ட மாதிரிக் கறுத்துப் பளபளத்தது. பல்லின் முனையில் அந்தக் கறுப்பு ஒரு மில்லிமீட்டருக்கு மேல் இருந்தது, அடியில் நல்ல இரும்பு. அந்த ஒரு மில்லிமீட்டரில்தான் பல்லின் அசல் அளவு இருக்கிறது. ஒரே ஒரு தடவை கம்பி பிரஷ் போட்டால் போய்விடும். அதனால் மூங்கில் குச்சியும் மென்மையான பல்துலக்கியும் மட்டும்.

குளோரைடு எவ்வளவு வெளியே வந்தது என்பதைக் கரைசலில் பார்க்கலாம். கொஞ்சம் எடுத்து, நைட்ரிக் அமிலத்தை நீர்க்கச் செய்து அதில் விட்டுக் காரத்தை முறித்து, ஒரு சொட்டு சில்வர் நைட்ரேட் விட வேண்டும். உப்பு நிறைய இருந்தால் தயிர் திரிந்தது போல வெள்ளையாகத் திரளும், குறைந்தால் மூட்டம் மட்டும். முதல் கரைசலில் சொட்டு விழுந்த உடனே திரண்டது. எங்கள் ஊர்க் குழாய்த் தண்ணீரிலேயே உப்பு உண்டு, அதனால் முதல் கரைசலுக்கு மட்டும் குழாய்த் தண்ணீர், மாற்றும்போதெல்லாம் ஆர்.ஓ. தண்ணீர். இல்லாவிட்டால் வின்ச்சின் உப்பா, குழாயின் உப்பா என்று பிரித்துப் பார்க்க வழியில்லை. கரைசலை மாற்றி மாற்றி, திரளுவது மூட்டமாகி, மூட்டம் மங்கலாகும்வரை விட்டேன். கோடை தாண்டிவிட்டது.

அடுத்தது ஷாஃப்டைக் கழற்றுவது. லேத் பட்டறை அண்ணாச்சி கேஸ் டார்ச்சால் சூடு காட்டிச் சம்மட்டியால் ஒரு போடு போட்டால் வந்துவிடும் என்றார். வேறு எந்த வேலைக்கும் நான் அவர் சொல்லைத் தட்டமாட்டேன். ஆனால் கிராஃபைட்டாகிப்போன வார்ப்பு அதிர்ச்சியைத் தாங்காது, அதை அவரிடம் அந்தக் கறுப்புத் தோலைக் கீறிக் காட்டித்தான் புரியவைத்தேன். பார்த்ததும் அவரே வேறு வழி சொன்னார்: இரண்டு தடித்த தகடு, நான்கு நீள போல்ட், ஷாஃப்டின் நுனியில் பித்தளைக் கட்டை. நான்கு போல்ட்டையும் சமமாக, கால் திருகு, கால் திருகாக இறுக்கி அப்படியே விட்டுவிடுவது. மறுநாள் மறுபடி கால் திருகு. நடுநடுவே தொட்டிக்குள் திரும்ப இறக்கிவிடுவோம். ஒரு நாள் சாயங்காலம் இறுக்கும்போது 'டக்' என்று ஒரு சத்தம், ஷாஃப்ட் ஒரு நூல் நகர்ந்திருந்தது. அண்ணாச்சி ஸ்பேனரைக் கீழே வைத்துவிட்டு, "இனி தானா வரும், தொடாத" என்றார். வந்தது.

பித்தளை புஷ் உள்ளே மஞ்சளாக, கிட்டத்தட்டப் புதிதாக இருந்தது. பித்தளையும் இரும்பும் கடல் தண்ணீரில் ஒட்டிக் கிடந்தால் அரிப்பு முழுவதையும் இரும்பு ஏற்றுக்கொள்ளும், பித்தளை தப்பிக்கும். அதனால் புஷ்ஷை ஒட்டிய ஷாஃப்ட் பகுதி மட்டும் ஒரு பள்ளம் போலத் தின்னப்பட்டிருந்தது. நிரப்பி வெல்டிங் செய்து கடையலாம் என்று அண்ணாச்சி கேட்டார், வேண்டாம் என்றேன். கடல் என்ன செய்தது என்பது அந்தப் பள்ளத்தில் தெரிகிறது, சுமை தூக்கப் போகிற வின்ச்சும் இல்லை இது. ஸாந்தோ எஞ்சினையும் அவர்கள் புதுசாக்கவில்லை. பாகம் பாகமாகப் பிரித்து, உப்பை எடுத்து, அசல் பாகங்களையே திரும்பக் கோர்த்திருக்கிறார்கள். தேய்ந்த இடத்தைத் தேய்ந்தபடி விட்டால்தான் அந்தச் சாமான் எப்படி உழைத்தது என்று பிறகு வருகிறவர் படிக்க முடியும்.

கடைசிப் படி காயவைப்பதும் பூசுவதும். ஆர்.ஓ. தண்ணீரில் காரம் போகும்வரை பலமுறை ஊறவைத்து, குண்டு பல்பு எரியும் தகரப் பெட்டிக்குள் மெதுவாகச் சூடேற்றி ஈரத்தை ஓட்டினேன். பிறகு டானிக் அமிலக் கரைசலைப் பிரஷ்ஷால் மூன்று பூச்சு. இரும்போடு சேர்ந்து நீலம் கலந்த கறுப்பாக மாறிவிடும். கடுக்காயில் இருப்பதும் இந்த வகைத் துவர்ப்புதான். ஒரு உடைந்த துண்டில் கடுக்காய்க் கஷாயத்தைப் பூசிப் பார்த்தேன், நன்றாகவே கறுத்தது, ஆனால் செறிவு எவ்வளவு என்று தெரியாமல் பல்சக்கரத்தில் பூச விருப்பமில்லை. கடைசியாகச் சூடாக இருக்கும்போதே மெழுகு, ஹாட் ஏர் கன்னால் உருக்கி ஒவ்வொரு பல்லின் இடுக்கிலும் இறங்கும்படி.

பூட்டிய பிறகு கைப்பிடியைப் போட்டுச் சுற்றினேன். முதல் சுற்றில் இரண்டு இடத்தில் இறுகியது, கிரீஸ் போட்டுத் திரும்பச் சுற்றியதும் பல்லோடு பல் சேர்ந்து ஓடியது. அண்ணன் பக்கத்தில் நின்று பாராமல் பார்த்துக்கொண்டிருந்தார், அப்புறம் கைப்பிடியை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டு அவரே ரொம்ப நேரம் சுற்றினார்.

கயிற்று உருளை மட்டும் இன்னும் தொட்டியில். அதன் சுவர் தடிமன் அதிகம், சில்வர் நைட்ரேட் சொட்டுக்கு இன்னும் மூட்டம் காட்டுகிறது. பூட்டிய பகுதியை வாரம் ஒரு முறை டார்ச் அடித்துப் பார்க்கிறேன். பழுப்புத் துளி ஒன்று தெரிந்தாலும் மெழுகைக் கழுவி மறுபடி தொட்டிக்குள் போக வேண்டியதுதான். ஊர்க் காற்றே உப்புக் காற்று என்பதால் வின்ச்சைச் சிலிக்கா ஜெல் போட்ட பெட்டியில் மூடி வைத்திருக்கிறேன், மழைக்காலத்தில் அந்த ஜெல்லை அடிக்கடி வறுத்து மாற்ற வேண்டும். இதே மாதிரிச் சாமான் யாரிடமாவது சேற்றில் கிடந்தால் இப்போதைக்குத் தூக்காதீர்கள், ஒரு ஜிங்க் கட்டியை மாட்டிவிட்டு வாருங்கள், மீதியை அப்புறம் யோசிக்கலாம்.